செருப்புத் தைத்தவர் மகள்

ஹங்கேரி நாட்டு நடிகை ஒருத்தியைப் பற்றி நமக்கு என்ன வந்தது என்று தோழர்கள் கேட்கலாம். நம்மூர் நடிகைகளைப் பற்றியே உருப்படியாக எழுதியபாடில்லை, இதுல ஹங்கேரியா என்று. நியாயமான கேள்விதான். ஆனால் அந்த நாட்டின் வடகிழக்கில் ஷாயோகஸா என்ற சிற்றூரில் 2007இல் ரோமா மக்களின் பிள்ளைகளுக்காக ஒரு பள்ளி தொடங்கினார்கள். அதற்கு அவர்கள் வைத்த பெயர் டாக்டர் அம்பேத்கர் பள்ளி. ரோமா என்றால் அங்கே ஊருக்கு ஒதுக்குப்புறமாக வைக்கப்பட்டவர்கள். 'ஜிப்ஸி' என்று மற்றவர்கள் இழிவாகச் சொல்லும் மக்கள். வட இந்தியாவிலிருந்து பல நூற்றாண்டுகளுக்கு முன் போனவர்கள் என்பதற்கு அவர்கள் பேசும் மொழியே சாட்சி. அவர்களில் சிலர் பாபாசாகேபைப் படித்து, மகாராஷ்டிராவுக்கே நேரில் வந்து பார்த்து, திரும்பிப்போய் 'ஜெய் பீம்' என்று ஒருவருக்கொருவர் வணக்கம் சொல்லிக்கொள்கிறார்கள். அவ்வளவு தூரத்திலிருந்து அவர்கள் நம்மைப் படித்திருக்கிறார்கள். அவர்கள் நாட்டை நாமும் கொஞ்சம் படிப்போமே.

கட்டலின் கராடி. 1910 டிசம்பர் 8ஆம் தேதி புடாபெஸ்ட் நகரின் கோபான்யா பகுதியில் பிறந்தவர். கோபான்யா என்ற சொல்லுக்கே கல்குவாரி என்றுதான் அர்த்தம். நகரத்தின் பெரிய பெரிய கட்டடங்களுக்குச் சுண்ணாம்புக் கல் வெட்டிக் கொடுத்த இடம். பிறகு செங்கல் சூளைகளும் பீர் ஆலைகளும் வந்தன. உழைக்கிற சனங்கள் நெருக்கியடித்து வாழ்ந்த பகுதி. அப்பா செருப்புத் தைப்பவர். வீட்டில் ஏழு பிள்ளைகள். அப்பா கை நீட்டுபவர் என்றும் எழுதியிருக்கிறார்கள். அந்த வீட்டில் இந்தப் பெண்ணுக்கு இருந்த பெயர் கட்டலின் கன்ட்ஸ்லர்.

இங்கே ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். செருப்புத் தைப்பவர் என்றதும் நமக்கு வேறொன்று நினைவுக்கு வரும். குத்தூசியும் தோலும் வைத்துக்கொண்டு புளியமரத்தடியில் உட்கார்ந்திருக்கும் நம் தாத்தாக்கள் நினைவுக்கு வருவார்கள். ஐரோப்பாவில் அந்தத் தொழில் வறுமையைத் தந்தது, தீட்டைத் தரவில்லை. கன்ட்ஸ்லர் தைத்துக் கொடுத்த செருப்பை வாங்கியவர் அதைத் தண்ணீர் தெளித்து வாங்கவில்லை. அவர் மகள் தேவாலயத்தில் எல்லோரோடும் ஒரே பெஞ்சில் உட்கார முடிந்தது. ஆகவே இவரைத் தலித் நடிகை என்று நாம் சொந்தம் கொண்டாட முடியாது, கூடாது. அந்த நாட்டில் பிறப்பை வைத்து ஒதுக்கப்பட்டவர்கள் வேறு. யூதர்கள். ரோமாக்கள். இந்தக் கதையே அவர்களுக்கும் இவருக்கும் நடுவில் என்ன நடந்தது என்பதுதான்.

முதல் உலகப்போர் முடிந்து ஹங்கேரி தோற்றுப்போய், 1920இல் போட்ட ஒப்பந்தத்தில் தன் நிலத்தில் மூன்றில் இரண்டு பங்கை இழந்தது. பட்டினி. அந்தக் காலத்தில் ஏழைப் பிள்ளைகளைத் தொண்டு நிறுவனங்கள் ரயிலில் ஏற்றி நெதர்லாந்து, ஸ்விட்சர்லாந்து போன்ற நாடுகளுக்கு அனுப்பின. அங்கே யாரோ ஒரு குடும்பம் பிள்ளையை வாங்கி வைத்துச் சோறு போடும். கட்டலினும் அப்படிப் போனவர். சில ஆண்டுகள் அந்நிய வீடுகளில் வளர்ந்து திரும்பினார். சின்ன வயதிலேயே அடுத்தவர் வீட்டு மேசையில் எப்படி உட்காருவது, எப்படிக் கத்தி, கரண்டி பிடிப்பது, எப்படி வாயை மூடிக்கொண்டிருப்பது என்பதைக் கற்றுக்கொண்டு வந்த பிள்ளை. பிற்காலத்தில் சினிமாவில் அவர் சீமாட்டியாக நடந்து வந்தபோது யாருக்கும் கல்குவாரி வாடை அடிக்கவில்லை என்றால், அந்தப் பயிற்சிக்கும் அதில் பங்கு இருக்கும் என்றுதான் நினைக்கிறேன்.

இளவயதில் தன்னைவிட மூத்த சுங்க அதிகாரி ஒருவரைக் கல்யாணம் செய்துகொண்டார். சில வருசத்தில் மணவிலக்கு. அப்புறம் பத்திரிகையாளர் ஸோல்தான் எட்யெத் கண்ணில் பட்டார். நாடக உலகத்தில் பேரை ஆக்கவும் அழிக்கவும் தெரிந்த ஆள் எட்யெத். நடிப்புப் பயிற்சிக்கு அனுப்பினார். கன்ட்ஸ்லர் என்ற பெயரைத் தூக்கிப் போட்டுவிட்டுக் கராடி என்று வைத்தார்.

இந்தப் பெயர் விஷயத்தைச் சாதாரணமாகத் தாண்டிப் போய்விட முடியாது. ஹங்கேரியில் குடும்பப் பெயரின் கடைசியில் வரும் 'இ' ஓசையை இரண்டு விதமாக எழுதுவார்கள். சாதாரண எழுத்தில் எழுதினால் சாதாரணக் குடும்பம். 'ஒய்' எழுத்துப் போட்டு எழுதினால் பரம்பரைப் பிரபு வம்சம் என்ற தோற்றம் வரும். காதுக்கு ஒன்றுதான், கண்ணுக்கு வேறு. கராடி என்பதில் அந்த 'ஒய்' இருந்தது. ஆக ஒரே ஒரு எழுத்தில் செருப்புத் தைத்தவர் மகள் சீமான் வீட்டுப் பெண் ஆகிவிட்டார். பெயருக்குப் பின்னால் வால் வைத்துக்கொள்வதும், அந்த வாலைப் பார்த்து நாற்காலி போடுவதும் நம்ம ஊர் வியாதி மட்டும் என்று எண்ணிக்கொண்டிருப்பவர்களுக்காக இதைச் சொல்கிறேன். கன்ட்ஸ்லர் என்ற பெயரோடு அவர் நடிக்க வந்திருந்தால் இதே வரவேற்பு கிடைத்திருக்குமா? எட்யெத்துக்குப் பதில் தெரிந்திருக்கிறது. அதனால்தான் மாற்றினார்.

1939. லாஸ்லோ கல்மார் இயக்கிய 'மரண வசந்தம்' வெளிவந்தது. லாயோஷ் ஸிலாஹியின் நாவல். பால் யாவோர் அப்போது அந்த நாட்டின் முன்னணிக் கதாநாயகன். காதலில் நொறுங்கி அவர் தன்னைத்தானே சுட்டுக்கொண்டு சாவார். அவரை அந்த நிலைக்குக் கொண்டுபோகும் ஜெனரல் மகளாகக் கராடி. அதுவரை ஹங்கேரிச் சினிமாவில் கதாநாயகி என்றால் குறும்புக்காரச் சிறுபெண், கடைசியில் கல்யாணம். இவரோ கனத்த, தாழ்ந்த, ஏறத்தாழ ஆண்குரல் போன்ற குரலில் பாடினார். ஒரே படத்தில் உச்சிக்குப் போனார். பெண்கள் அவரைப் போல முடி வெட்டிக்கொண்டார்கள், அவரைப் போலச் சிகரெட் பிடித்தார்கள். ஒழுக்கம் கெட்டது என்று வலதுசாரிப் பத்திரிகைகள் கூச்சல் போட்டன. அடுத்த சில ஆண்டுகளில் இருபது படங்கள் வரை நடித்தார்.

சினிமா வரலாறு எழுதுகிறவர்கள் இந்த இடத்தில் ஒரு பெருமூச்சு விட்டு, நட்சத்திரம் பிறந்தது என்று எழுதுவார்கள். நாம் அப்படி எழுத முடியாது. 1939இல் எப்படி இடம் காலியாக இருந்தது என்று கேட்க வேண்டும்.

ஹோர்த்தி ஆண்ட காலம் அது. கடல் இல்லாத நாட்டுக்கு ஒரு கடற்படைத் தளபதி, மன்னர் இல்லாத முடியாட்சிக்கு ஒரு காப்பாளர்! 1920லேயே பல்கலைக்கழகத்தில் யூத மாணவர் எண்ணிக்கைக்கு உச்சவரம்பு விதித்துச் சட்டம் போட்ட அரசு. 1938இல் முதல் யூதச் சட்டம். பத்திரிகை, நாடகம், சினிமா முதலிய துறைகளில் யூதர்கள் 20 விழுக்காட்டுக்கு மேல் இருக்கக் கூடாது. நாடக, திரைப்படக் கலைஞர்களுக்கென்று ஒரு மன்றம் உண்டாக்கி, அதில் உறுப்பினராக இருந்தால்தான் வேலை என்றார்கள். 1939இல் இரண்டாம் சட்டம். 20 என்பது 6 ஆனது. 1941இல் மூன்றாவது. யூதரும் யூதரல்லாதாரும் கல்யாணம் செய்யத் தடை.

நம்ம ஊரில் இடஒதுக்கீடு என்றாலே எரிச்சல்படுபவர்கள், அதுவும் பிறப்பைப் பார்ப்பது இதுவும் பிறப்பைப் பார்ப்பது, இரண்டும் ஒன்றுதானே என்று சாமர்த்தியமாகப் பேசுவார்கள். ஒன்றில்லை. உள்ளே வரவே முடியாமல் நின்றவனுக்கு இவ்வளவு இடமாவது கொடு என்பது தரை. உள்ளே இருப்பவனைப் பிடித்து வெளியே தள்ளுவதற்காக இதற்கு மேல் நீ இருக்கக் கூடாது என்பது கூரை. அந்தக் கூரை ஒவ்வொரு வருசமும் கீழே இறங்கி இறங்கிக் கடைசியில் தலையை நசுக்கியது.

ஹங்கேரிச் சினிமாவைக் கட்டியவர்களில் பெரும்பகுதி யூதர்கள். பேசும்படத்தின் முதல் பெரிய வெற்றியான 'ஹிப்போலித்' படத்தை 1931இல் இயக்கிய இஷ்த்வான் ஸேகெய் 1938இல் மனைவி நடிகை இரேன் ஆகாயோடு அமெரிக்கா போனார். அந்தப் படத்தில் நாட்டையே சிரிக்க வைத்த ஜூலா கபோஷ் 1939இல் போனார். 1941இல் நியூயார்க்கில் செத்துப்போனார். போக வழியில்லாதவர்கள் வீட்டில் முடங்கினார்கள். ஆண்களைக் கட்டாய உழைப்புப் படையில் பிடித்துப்போட்டார்கள். வேடிக்கை என்னவென்றால் போருக்கு நடுவில் சினிமாத் தொழில் செழித்தது. 1942, 1943இல் ஆண்டுக்கு நாற்பது படங்களுக்கு மேல் எடுத்தார்கள். அந்த வெளிச்சத்தின் நடுவில் நின்றவர் கராடி.

அவர் யாரையும் துரத்தவில்லை. உண்மை. ஆனால் துரத்தப்பட்டவர்களின் மேடையில்தான் ஏறினார். ஏறும்போது அதைப் பற்றி வெளிப்படையாக எதிர்ப்புப் பேசியவராகவும் அவரை நான் படிக்கவில்லை. வறுமையிலிருந்து மேலே வர ஒரு கதவு திறந்தது, அவர் நுழைந்தார். அந்தக் கதவு யாரை வெளியே தள்ளத் திறந்தது என்று அப்போது கேட்கவில்லை. இதை மறைத்துவிட்டு அவரை வீராங்கனை ஆக்குவதில் எனக்கு உடன்பாடு இல்லை. சோறு இல்லாமல் வளர்ந்தவர்கள் இப்படி நுழைவதை ஒரே வார்த்தையில் குற்றம் என்று சொல்லவும் எனக்கு நாக்கு வரவில்லை.

இன்னொன்று. அந்தக் காலத்து ஹங்கேரிப் படங்களைப் பார்த்தால் கதாநாயகி கண்ணீர் விடும் மதுக்கூடங்களில் பின்னால் வயலினோடு ரோமா வாத்தியக்காரர்கள் நிற்பார்கள். அவர்கள் சங்கீதம் வேண்டும்; அவர்கள் வேண்டாம். பறை வேண்டும், பறையடிப்பவன் பந்தியில் வேண்டாம் என்பதைப் போல. 1944 இலையுதிர் காலத்தில் அந்த மக்களைக் குடும்பம் குடும்பமாகப் பிடித்துக் கொமாரோம் நகரின் நட்சத்திரக் கோட்டையில் அடைத்தார்கள். அங்கிருந்து டாஹவ் முதலிய வதைமுகாம்களுக்கு. யூதர்களின் அழிவுக்கு நினைவுச் சின்னங்கள் எழும்பின. ரோமாக்களின் அழிவைப் பற்றி அதே நாட்டில் பல பத்தாண்டுகள் பேச்சே இல்லை.

கராடியிடம் திரும்புவோம். அவருடைய காதலர் இஷ்த்வான் உய்ஸாஸி. ராணுவ ஜெனரல், உளவுத்துறைத் தலைவர். அதாவது அதிகாரத்தின் நடு வயிற்றில் இருந்த மனிதர். ஜெர்மனியோடு சேர்ந்து போருக்குப் போன ஹங்கேரியின் இரண்டாம் படை 1943 ஜனவரியில் டான் நதிக்கரையில் நாசமானது. அதன் பிறகு ஆளும் வட்டத்திலேயே ஒரு பகுதி நேசநாடுகளோடு இரகசியமாகப் பேச முயன்றது. உய்ஸாஸி அந்தப் பக்கம். ஹிட்லருக்கு மூக்கில் வேர்த்தது. 1944 மார்ச் 19 அன்று ஜெர்மன் படை ஹங்கேரிக்குள் புகுந்தது.

ஒரு மாதம் கழித்து, ஏப்ரல் 18ஆம் தேதி, கெஸ்டாபோ கராடியைப் பிடித்தது. நேசநாடுகளுக்கு உளவு பார்த்தார் என்று குற்றச்சாட்டு. அதற்குச் சற்று முன்புதான் 'மாச்சித்தா' என்ற படத்தில் உளவாளிப் பெண்ணாக நடித்திருந்தார். சினிமாவில் உளவாளிக்கு நல்ல உடுப்பும் பாட்டும் கிடைக்கும். சிறையில் அடி. ஏறத்தாழ மூன்று மாதம் வைத்து வதைத்தார்கள். நண்பர்கள் எப்படியோ பாடுபட்டு வெளியே எடுத்தார்கள். வந்து பார்த்தால் வீடு சூறையாடப்பட்டுக் கிடந்தது.

அவர் சிறையில் கிடந்த அந்த நாட்களில் வெளியே நடந்ததைச் சொன்னால்தான் பின்னால் அவர் செய்தது புரியும். மே 15 முதல் ஜூலை 9 வரை, எட்டே வாரத்தில், ஹங்கேரியின் மாகாணங்களிலிருந்து 4,37,000 யூதர்களை ரயிலில் ஏற்றினார்கள். பெரும்பாலோர் ஆஷ்விட்சுக்கு. ஜெர்மன்காரன் ஆட்கள் அதற்கு அதிகம் இல்லை. பட்டியல் எழுதியது உள்ளூர் கிளார்க்கு; வீட்டைப் பூட்டி முத்திரை வைத்தது உள்ளூர் அதிகாரி; துப்பாக்கிக் கட்டையால் தள்ளி வண்டியில் ஏற்றியது ஹங்கேரிப் போலீஸ். பக்கத்து வீட்டுக்காரன் காலியான வீட்டில் பாத்திரம் பொறுக்கினான். எந்த ஊரிலும் இது இப்படித்தான்.

அக்டோபர் 15ஆம் தேதி அம்புச் சிலுவைக் கட்சி ஆட்சியைப் பிடித்தது. சொந்த நாட்டு நாஜிகள். மாகாணங்களைத் துடைத்தாயிற்று, மிச்சம் புடாபெஸ்ட். அந்தக் குளிர்காலத்தில் ரயிலுக்கும் பொறுமை இல்லை. யூதர்களைத் தெருத்தெருவாக இழுத்துவந்து டான்யூப் நதிக்கரையில் நிறுத்தினார்கள். செருப்பைக் கழற்றச் சொன்னார்கள். போர்க்காலத்தில் தோல் செருப்புக்கு நல்ல விலை. பிறகு சுட்டார்கள். உடம்பை ஆறு கொண்டுபோனது. புதைக்கிற வேலையும் மிச்சம்.

கராடி அந்தக் கரைக்குப் போனார். தன்னிடம் மிச்சமிருந்த நகைகளை, விலைபெறும் பொருள்களை அம்புச் சிலுவை ஆட்களிடம் கொடுத்து, சுடுவதற்காக நிறுத்தி வைத்திருந்த பிள்ளைகளை விலைக்கு வாங்கினார். வாங்கினார் என்பதுதான் சரியான சொல். வேறெப்படிச் சொல்ல? பூடா மலைப்பக்கம் ந்யூல் தெருவில் இருந்த தன் வீட்டுக்குக் கூட்டிவந்தார். முயல் தெரு என்று பொருள். குண்டு விழுந்துகொண்டிருக்க, சோறு கிடைக்காமல் குதிரை மாமிசத்துக்கு அடித்துக்கொண்ட அந்த முற்றுகை மாதங்களில் அவர்களை அங்கே ஒளித்து வைத்துச் சாகாமல் பார்த்துக்கொண்டார். 1945 ஜனவரி 18இல் பெஸ்ட், பிப்ரவரி 13இல் பூடா என்று நகரம் சோவியத் படை வசம் வந்தது.

ஏன் செய்தார்? தத்துவம் எதுவும் அவர் எழுதி வைக்கவில்லை. கட்சிக்காரர் இல்லை. அடிபட்ட உடம்புக்கு அடுத்த உடம்பின் வலி தெரிந்திருக்கும் என்று சொல்லலாம். அடிபட்டவர்கள் எல்லாரும் அப்படிச் செய்யவில்லையே. யாரோ ஒரு வீட்டில், யாரோ போட்ட சோற்றில் வளர்ந்த பிள்ளை அவர் என்பதை மட்டும் இங்கே திரும்ப நினைத்துக்கொள்கிறேன். ஐந்து வருசம் முன்னால் கேட்காத கேள்வியை அந்தக் கரையில் நின்று கேட்டார், கையிலிருந்ததைக் கொடுத்துக் கேட்டார். சம்பாதித்த நகை யார் இடத்தில் நின்று சம்பாதித்தது என்று பார்த்தால், அது வட்டியோடு திரும்பிப் போனது என்றும் சொல்லலாம். கணக்கு நேராகிவிட்டது என்று நான் சொல்லவில்லை.

அப்புறம் வந்தது உழைப்பாளர் அரசு. உய்ஸாஸியைச் சோவியத் அதிகாரிகள் பிடித்துக்கொண்டு போனார்கள். அவர் கராடியிடம் திரும்பவில்லை. இவர் நெடுநாள் மனமுடைந்து கிடந்தார். எழுந்து வந்தபோது வாய்ப்புகள் ஒவ்வொன்றாக அடைபட்டிருந்தன. 1949இல் வெளிவந்த 'கொதிக்கும் வயல்கள்' தான் கடைசிப் படம். பழைய ஆட்சியின் நட்சத்திரம், பழைய ஜெனரலின் காதலி, நலிந்த முதலாளித்துவ ரசனையின் அடையாளம் என்று முத்திரை. படங்கள் தடைப்பட்டன. பாட்டு வானொலியில் கேட்கவில்லை.

தோழர்கள் இதை யோசிக்க வேண்டும். கல்குவாரிப் பகுதியில், செருப்புத் தைத்தவர் வீட்டில், ஏழு பிள்ளைகளோடு பசித்து வளர்ந்த பெண். பாட்டாளி வர்க்கத்துக்கென்று ஓர் ஆட்சி வந்தால் முதலில் வீட்டுப் பிள்ளை என்று அணைத்திருக்க வேண்டியவர். அவர்களோ சினிமாவில் போட்ட வேஷத்தைப் பார்த்தார்கள், அந்த 'ஒய்' எழுத்தைப் பார்த்தார்கள். திரையில் பார்த்த சீமாட்டியையே நிஜம் என்று நம்பியதில் பழைய ரசிகனுக்கும் புதிய அதிகாரிக்கும் வித்தியாசம் இல்லை. அவர் முன்பு அனுபவித்த சலுகை உண்மை, அதற்குக் கேள்வி கேட்கலாம். டான்யூப் கரையில் செய்ததும் உண்மைதானே? அதை எந்தக் கமிட்டியும் கணக்கில் எடுக்கவில்லை.

1951இல் எல்லை தாண்டினார். ஆஸ்திரியா, ஸ்விட்சர்லாந்து, பெல்ஜியம் என்று அலைந்து 1953இல் பிரேசில் நாட்டு ஸாவோ பாவ்லோ போய்ச் சேர்ந்தார். அங்கே ஒரு தொப்பிக் கடை. பெண்களுக்குத் தொப்பி செய்து விற்றார். 1968இல் நியூயார்க். அங்கேயும் தொப்பிதான். அப்பா காலுக்குச் செய்தார், மகள் தலைக்குச் செய்தார். காலில் பிறந்தவன், தலையில் பிறந்தவன் என்று பிறப்பையே பிரித்து வைத்த நாட்டில் இருந்துகொண்டு இதைப் படிக்கும்போது ஒரு சிரிப்பு வருகிறது. ஆனால் அவருக்கு அது வயிற்றுப்பாடு. ஹங்கேரியில் கோடிப்பேர் முகம் தெரிந்த பெண், பெயர் தெரியாத ஊரில் ஊசியும் நூலும் எடுத்து உட்கார்ந்தார். பழைய பெருமையை விற்றுப் பிழைக்கவில்லை. அதற்கான மரியாதையைக் கொடுத்தாக வேண்டும்.

இந்தப் பக்கம் ஹங்கேரியில் அதிகாரத்தின் கெடுபிடி தளர்ந்தபோது ஜனங்கள் மறுபடி அவர் பாட்டைத் தேடினார்கள். 1980இல் எழுபது வயதுக்கு ஊருக்கு வரச்சொல்லி அழைத்தார்கள். அவர் போகவில்லை. ஒரு தொப்பியை மட்டும் அனுப்பி வைத்தார்.

அவருடைய பாட்டு ஒன்றின் பெயரையே தலைப்பாக வைத்து 2001இல் பீட்டர் பாச்சோ ஒரு படம் எடுத்தார். 2004இல் யாத் வஷேம், யூதர்களைக் காப்பாற்றிய பிற இனத்தாருக்குத் தரும் 'நீதிமான்' என்ற மதிப்பை அவருக்கு அளித்தது. அடுத்த ஆண்டு, 2005இல், டான்யூப் கரையில் 60 ஜோடி இரும்புச் செருப்புகளைப் பதித்தார்கள். ஜான் டோகாயும் சிற்பி ஜூலா பாவுவெரும் செய்தது. ஆண்கள் பூட்ஸ், குதிகால் உயர்ந்த பெண்கள் ஷூ, சின்னப் பிள்ளைகள் போடுவது. தேய்ந்தது, வாய் பிளந்தது, வார் அறுந்தது எல்லாம் உண்டு. செருப்புத் தைக்கிறவர் கண்ணுக்குத்தான் தெரியும், அவை ஒவ்வொன்றும் எந்த நடைக்குத் தேய்ந்தவை என்று.

இந்த மரியாதைகள் எதையும் அவர் பார்க்கவில்லை. 1990 பிப்ரவரி 8ஆம் தேதி நியூயார்க்கில் இறந்துபோனார். ஹங்கேரியில் அப்போதுதான் ஆட்சி மாறிக்கொண்டிருந்தது. முதல் பலகட்சித் தேர்தலுக்கு ஒன்றரை மாதம்கூட இல்லை. முப்பத்தொன்பது ஆண்டுகளாகத் திரும்பாதவரின் உடலைப் புடாபெஸ்டுக்குக் கொண்டுவந்தார்கள். புனித ஸ்தேவான் பேராலயத்தில் கூட்டம் தாங்கவில்லை. பூடா பக்கம் ஃபர்கஷ்ரேத் கல்லறையில் அடக்கம் செய்தார்கள். கராடி என்ற பெயரில்தான்.